பாளையைத் தட்டும் கைக்குச் செண்டை எதற்கு?

அன்புள்ள அக்கா,

மாமாவின் பழைய சூப்பர் 8 ஃபிலிம் கேமராவில், அப்பா தென்னையில் கள் இறக்குவதை ஒரு ரோல் எடுத்தேன். கழுவி, ஸ்கேன் ஆகி வந்துவிட்டது. சத்தமே இல்லாமல் யார் பார்ப்பார்கள், செண்டை மேளம் சேர் என்கிறார்கள் நண்பர்கள். சேர்க்கட்டுமா?

– ஒரு வாசகர், கொழிஞ்சாம்பாறை

அன்புள்ள தம்பி,

சேர்க்காதீர்கள்.

உங்கள் படத்தில் எதுவும் விடுபட்டுப் போகவில்லை. ஒலியும் பதிவாகும் சூப்பர் 8 கார்ட்ரிட்ஜை கோடாக் 1973-இல் கொண்டுவந்து 1997-இல் நிறுத்திவிட்டது, இன்று கிடைக்கும் ஃபிலிமில் ஒலிப்பட்டையே கிடையாது. பேசாமல் இருப்பதுதான் அதன் இயல்பு.

சில வருடம் முன்பு ஆடிக் காற்றில் வேலந்தாவளத்துப் பனைகளை எடுத்தேன். ஒரு ரோல் 50 அடி, நொடிக்கு 18 ஃபிரேம் வேகத்தில் 3 நிமிடம் 20 நொடியில் தீர்ந்துவிடும், அதனால் பாலக்காட்டுக் கணவாயில் காற்று ஏறி வரும்வரை விசையில் விரலை வைத்துக்கொண்டு வரப்பில் காத்திருந்து காத்திருந்து எடுத்த படம் அது. ஸ்கேன் செய்யக் கொடுத்த இடத்தில், நான் கேட்காமலேயே, புல்லாங்குழல் சேர்த்து அனுப்பிவிட்டார்கள். எனக்கு அழுகையே வந்துவிட்டது. குழலுக்கு ஏற்றபடி பனை ஆடுவது போலிருந்தது, காற்றே இல்லை. அப்புறம் ஒலியை அணைத்துவிட்டு அம்மாவுக்குக் காட்டினேன். "ஓலை என்ன இரைச்சல் போடுது பாரு" என்றார்.

உங்கள் அப்பா பாளையைத் தட்டுவாரே, அந்தத் தாளம் உங்கள் ஊரில் எல்லோர் காதிலும் இருக்கிறது. கை ஏறி இறங்குவதைப் பார்த்தாலே அது கேட்கும். செண்டை வந்தால் கண் செண்டையின் கணக்குக்குப் போய்விடும், அப்பாவின் கை அதற்கு ஆடுகிற கையாகிவிடும். அமெரிக்கப் பரிசோதனைப் பட இயக்குநர் ஸ்டான் பிராக்கேஜ் தன் படங்களில் பெரும்பாலானவற்றை ஒலியில்லாமல்தான் எடுத்தார். 1963-இல் விட்டில் சிறகுகளையும் இலைகளையும் டேப்பில் ஒட்டி, கேமராவே இல்லாமல் ஒரு படம் செய்தார். அதுவும் மௌனம்தான், ஆனால் சிறகுகள் படபடப்பது போலவே இருக்கும்.

இன்னொன்று. நீங்கள் எடுத்தது ரிவர்சல் ஃபிலிம், அதாவது கழுவியதும் அதிலேயே நேர்ப்படம் தெரியும் ஃபிலிம், என்றால் உங்களிடம் இருக்கும் அந்தச் சுருள்தான் மூலம், நெகட்டிவ் என்று தனியாக ஒன்றும் கிடையாது. புரொஜெக்டரில் அடிக்கடி ஓட்டாதீர்கள், கீறல் விழும்.

முதலில் அப்பாவுக்கு, விளக்கை அணைத்துவிட்டு, அப்படியே போட்டுக் காட்டுங்கள். அவர் என்ன சொன்னார் என்று எழுதுங்கள்.

அன்புடன்,
அக்கா