எஸ்பிரெசோ மெஷினின் ஷவர் ஸ்கிரீனை மாற்றினால் கோப்பி ஒரே சீராக இறங்குமா?

கேள்வி: உப்புவெளியில் சின்ன விடுதி நடத்துகிறோம். 58 மி.மீ. போர்ட்டாபில்டர் (தூள் போட்டுப் பூட்டும் கைபிடி) போடும் ஒற்றைக் குரூப் (அந்தக் கைபிடியைப் பூட்டும் தலைப்பகுதி) மெஷின் ஒன்று இருக்கிறது. அடி திறந்த போர்ட்டாபில்டரில் பார்த்தால் கோப்பி ஒரு பக்கத்தில்தான் முதலில் ஒழுகுகிறது, சில வேளை பீச்சியும் அடிக்கிறது. குடித்தால் புளிப்பும் கைப்பும் ஒன்றாக வருகிறது. இத்தாலிய ஷவர் ஸ்கிரீன் வாங்கிப் போட்டால் சரிவருமா?

பதில்:

பிழை ஸ்கிரீனில், அதாவது தூளின் மேல் தண்ணீரைத் தூவும் துளைத் தகட்டில், இருந்தால் சரிவரும். அது ஸ்கிரீனில்தானா என்று காசு கட்டுவதற்கு முன்பே கண்டுபிடித்துவிடலாம். அதற்கு வேண்டியது ஒரு மார்க்கர் பேனாவும் கொஞ்சக் கோப்பித் தூளும்தான்.

முதலில் ஒரு அளவை நிலையாக வைத்துக்கொள்ளுங்கள்: 18 கிராம் தூள், கோப்பையில் 36 கிராம், 25 முதல் 30 செக்கன். மெஷினுக்கு நேரே நின்று, முதல் துளி எந்த இடத்தில் விழுகிறது, எந்த இடம் கடைசி வரை வெளிறிக் கிடக்கிறது என்பதை மணிக்கூட்டு முகம்போல 3 மணிப் பக்கம், 8 மணிப் பக்கம் என்று குறித்துக்கொள்ளுங்கள். ஒரு ஷொட்டை (ஒரு முறை இறக்கும் கோப்பியை) நம்ப வேண்டாம், குறைந்தது மூன்று எடுத்துப் பாருங்கள். மூன்றிலும் ஒரே பக்கம் என்றால்தான் தேட ஏதாவது இருக்கிறது. ஒவ்வொரு முறையும் இடம் மாறினால் அது அரைப்பிலும் தூள் பரப்புவதிலும் உள்ள குறை. அதற்கு எந்த ஸ்கிரீனும் மருந்தில்லை.

ஒரே பக்கம் என்று தெரிந்த பிறகு ஒவ்வொன்றாகத் திருப்புங்கள். பாஸ்கெட்டின் (போர்ட்டாபில்டருக்குள் தூள் நிற்கும் துளைக் கிண்ணத்தின்) விளிம்பில் மார்க்கரால் ஒரு கோடு போட்டு, அதை போர்ட்டாபில்டருக்குள் அரைச் சுற்றுத் திருப்பி வையுங்கள். ஒழுகும் பக்கமும் எதிர்ப்பக்கம் போய்விட்டால் பாஸ்கெட்தான் காரணம்: துளை அடைத்திருக்கும், அல்லது விளிம்பு நெளிந்திருக்கும். அதில் மாற்றமில்லையென்றால், பாஸ்கெட்டை முன்பிருந்தபடி வைத்து, கிரைண்டரில் பிடிக்கும்போதும் டாம்ப் பண்ணும்போதும் (தூளை அழுத்தும்போதும்) கைபிடியை எதிர்ப்பக்கமாகப் பிடியுங்கள். இப்போது நகர்ந்தால் உங்கள் கை ஒரு பக்கம் சாய்கிறது, அல்லது கிரைண்டர் ஒரு பக்கமாகக் குவிக்கிறது. பெரும்பாலான மெஷின்களில் கதை இங்கேயே முடிந்துவிடும். இதிலும் நகராவிட்டால் ஸ்கிரீனைக் கழற்றி அரைச் சுற்றுத் திருப்பிப் பூட்டுங்கள். ஸ்கிரீனோடு சேர்ந்து ஒழுகும் பக்கமும் திரும்பினால், புதுசு வாங்க நியாயம் இருக்கிறது. எதைத் திருப்பினாலும் அசையாமல் அதே 3 மணிப் பக்கம் நின்றால், பிழை ஸ்கிரீனுக்கு மேலே இருக்கிறது: தண்ணீரைப் பரப்பும் தகட்டில் ஒரு துளை அடைபட்டிருக்கும், அல்லது மெஷின் நிற்கும் மேசை சரிந்திருக்கும். ரசமட்டத்தை மெஷினின் கப் வைக்கும் தட்டில் இரண்டு திசையிலும் வைத்துப் பாருங்கள்.

போர்ட்டாபில்டரைக் கழற்றிவிட்டு வெறுமனே பம்பை ஓட்டி, தண்ணீர் விழும் அழகைப் பார்த்து ஸ்கிரீனை எடைபோட வேண்டாம். எதிரழுத்தம் இல்லாதபோது நல்ல ஸ்கிரீனிலும் தண்ணீர் அடிப்பரப்பில் ஒட்டி ஓடி ஒரு இடத்தில் சேர்ந்துதான் விழும். ஒரு பாதி முழுக்கக் காய்ந்து கிடக்கிறதா என்று மட்டும் அதில் தெரிந்துகொள்ளலாம்.

ஸ்கிரீன் என்ன வேலை செய்கிறது என்பதை மனதில் வைத்தால் மற்றது எல்லாம் விளங்கும். பம்ப் தள்ளும் தண்ணீர் மேல்தகட்டின் சில துளைகளால் பீச்சிக்கொண்டு வருகிறது. அந்தப் பீச்சலை உடைத்து, பூவாளித் தலைபோலக் கோப்பிப் படுக்கை முழுவதும் தூவுவதுதான் ஸ்கிரீனின் வேலை. உடைக்காவிட்டால் படுக்கையின் மேற்பரப்பில் குழி விழும், குழி விழுந்த இடத்தால் தண்ணீர் வழி பிடித்து ஓடும். அந்த வழியில் உள்ள தூள் அளவுக்கு மிஞ்சிக் கரைந்து கைக்கிறது, மற்றப் பக்கம் கரையாமல் புளிக்கிறது. நீங்கள் சொன்ன இரண்டு சுவையும் ஒரே கோப்பையில் வருவது இதனால்தான். ஆனால் இந்தக் குழி விழும் பேச்சு தண்ணீர் படுக்கையைத் தொடும் முதல் சில செக்கனுக்குத்தான். மேலே உள்ள வெற்றிடம் நிறைந்து 9 பார் அழுத்தம் ஏறிவிட்டால், தண்ணீர் எங்கே போவது என்பதைத் தூளின் அடர்த்திதான் தீர்மானிக்கும். அதனால் அரைப்பும் பரப்பலும் முதலில், ஸ்கிரீன் பிறகு.

அடுத்தது, இருக்கும் ஸ்கிரீனை ஒழுங்காகக் கழுவுவது. மலிவான ஸ்கிரீன்களில் துளைத்த தகட்டுக்குப் பின்னால் தனியாக ஒரு வலை கிடக்கும். இரண்டுக்கும் நடுவில் கோப்பி எண்ணெயும் நுண்தூளும் அப்பிக் கறுத்துப் போகும். வெளியில் துடைத்தால் மினுங்கும், உள்ளே பாதி அடைத்திருக்கும். கழற்றி வெளிச்சத்துக்கு எதிரே பிடியுங்கள், அடைபட்ட இடம் தெரியும்.

மெஷினின் பிளக்கைக் கழற்றிவிட்டு, கை வைக்கக்கூடிய வெதுவெதுப்பு வரும்வரை ஆறவிடுங்கள். முற்றாகக் குளிர்ந்தால் எண்ணெய் இறுகித் திருகாணி அசையாது. திருகாணித் தலைக்குச் சரியாகப் பொருந்தும் திருப்புளியை மட்டும் பாவியுங்கள். தலை தேய்ந்துவிட்டால் பிறகு துளைபோட்டுத்தான் எடுக்க வேண்டிவரும். கேஜியா கிளாசிக் போன்ற மெஷின்களில் ஸ்கிரீனை நடு ஆணி ஒன்று பிடித்திருக்கும், அதற்கு மேலே உள்ள தகட்டை இரண்டு ஆலன் ஆணிகள் பிடித்திருக்கும். 1961இல் பாயெமா நிறுவனம் கொண்டுவந்த ஈ61 வகைக் குரூப்பில் ஆணியே இல்லை. ரப்பர் வொஷருக்குள் ஸ்கிரீன் இறுகி நிற்கும், விளிம்பில் தட்டையான திருப்புளி கொடுத்துச் சுற்றிவர மெல்ல நெம்ப வேண்டும்.

ஸ்டெயின்லெஸ் ஸ்கிரீனை, அரை லீற்றர் சுடுதண்ணீரில் ஒரு தேக்கரண்டி எஸ்பிரெசோ மெஷின் கழுவும் தூள் போட்டு 20 நிமிடம் ஊறவிட்டு, நைலோன் பிரஷால் தேய்த்து நன்றாக அலசுங்கள். மேல்தகடு அலுமினியம் என்றால் அதை அந்தத் தூளில் ஊறப்போடவே கூடாது. அந்தக் காரம் அலுமினியத்தைக் கறுக்கச் செய்து அரித்துவிடும். அதற்குப் பாத்திரம் கழுவும் சவர்க்காரமும் பிரஷும் போதும். துளைகளை மரப் பற்குச்சியால் குத்துங்கள், ஊசியால் குத்தினால் துளை பெருக்கும்.

எங்கள் பக்கத்தில் இன்னொன்றையும் பார்க்க வேண்டும். கரையோர மணல் நிலத்துக் கிணற்றுத் தண்ணீர் மெஷினுக்குப் போகிறதென்றால் அடைப்பு எண்ணெயால் மட்டும் வருவதில்லை. கடினத்தன்மை கூடிய தண்ணீர் வெள்ளைப் படிவு விடும், உவர் ஏறிய கிணற்றில் உள்ள குளோரைட் ஸ்டெயின்லெஸைக்கூடப் புள்ளி புள்ளியாக அரிக்கும். படிவுக்கு ஒரு லீற்றர் தண்ணீரில் 20 கிராம் சிட்ரிக் அசிட் கலந்து ஊறவையுங்கள், அலுமினியம் என்றால் ஐந்து நிமிடத்துக்கு மேல் வேண்டாம். குளோரைட் அரிப்புக்குக் கழுவி மாளாது, தண்ணீரைத்தான் மாற்ற வேண்டும். கந்தளாயிலிருந்து வரும் குழாய் நீரை வடிகட்டி பாவியுங்கள், அல்லது அதை ஆர்.ஓ. தண்ணீரோடு (சவ்வு வடிகட்டியால் உப்பு நீக்கிய தண்ணீர்) கொஞ்சம் கலந்து கொடுங்கள். வெறும் ஆர்.ஓ. தண்ணீரை மட்டும் ஊற்றினால் கோப்பி சப்பென்று போகும், பொயிலரில் நீர்மட்டம் பார்க்கும் சென்சரும் சில மெஷின்களில் தண்ணீர் இருப்பதையே உணராது. மொத்தக் கடினத்தன்மை லீற்றருக்கு 50 முதல் 175 மி.கி. வரை இருந்தால் நல்லது.

கழுவிப் பூட்டிய பிறகும் அதே பக்கம் ஒழுகி, ஸ்கிரீனைத் திருப்பும்போது சேர்ந்து திரும்பினால் தாராளமாக வாங்குங்கள். ஐ.எம்.எஸ். போன்ற இத்தாலிய நிறுவனங்களின் ஸ்கிரீனில் உண்மையான நன்மை மூன்று. வலை தகட்டோடு ஒன்றாகப் பொருத்தப்பட்டிருப்பதால் நடுவில் அழுக்குத் தேங்க இடம் குறைவு. துளைகள் ஒரே அளவாகவும் விளிம்பு வரைக்கும் இருக்கும். வலை நுண்ணியதாக இருப்பதால், ஷொட் முடிந்து வால்வு அழுத்தத்தை வெளிவிடும்போது தூள் மேலே இழுபட்டுப் போவது குறையும். இந்த மூன்றாவதை நான் பெரிதாக மதிக்கிறேன், உங்கள் மெஷினின் வால்வு அடைபடாமல் நெடுநாள் இருக்க அது உதவும். சுவையில் மாற்றம் இருக்கும், ஆனால் நல்ல கிரைண்டர் கொடுக்கும் மாற்றத்தோடு அதை ஒப்பிட வேண்டாம். நனோ பூச்சு உள்ளதற்குக் கூடுதல் விலை சொல்வார்கள். எண்ணெய் இலகுவாகக் கழருவதுதான் அதில் லாபம். கம்பிப் பிரஷ் பட்டால் அந்தப் பூச்சு போய்விடும்.

58 மி.மீ. என்பது போர்ட்டாபில்டரின் அளவு, ஸ்கிரீனின் அளவு அல்ல. பிழையான சாமான் வந்து சேருவதற்கு முதல் காரணம் இந்தக் குழப்பம். பழைய ஸ்கிரீனைக் கழற்றி வேர்னியர் அளவியால் வெளிவிட்டம், நடுத்துளை விட்டம், விளிம்பின் உயரம் மூன்றையும் அளந்து, மெஷினின் மொடல் பெயரோடு அனுப்பிக் கேளுங்கள். கொழும்பிலிருந்தோ வெளிநாட்டிலிருந்தோ வரவேண்டிய சாமான், திருப்பி அனுப்பும் செலவு ஸ்கிரீன் விலையைத் தொட்டுவிடும். அதே பார்சலில் ரப்பர் வொஷரையும் எடுங்கள். ஈ61இல் அது 8, 8.5 மி.மீ. என்று இரண்டு தடிப்பில் வரும். கைபிடி முன்பைவிட வலப்பக்கம் தள்ளிப் போய்த்தான் இறுகுகிறது என்றால் வொஷர் தேய்ந்துவிட்டது. நடு ஆணி உள்ள மெஷினுக்கு, தலை தகட்டோடு மட்டமாக உட்காரும் ஆணி கிடைத்தால் அதையும் வாங்குங்கள். துருத்தி நிற்கும் ஆணித்தலை படுக்கையின் நடுவில் பதிந்து பள்ளம் போடும்.

பூட்டும்போது ஆணியின் புரியில் உணவுத் தரமுள்ள சிலிக்கோன் கிறீஸ் மெல்லியதாகத் தடவுங்கள். இங்கே இது ஆடம்பரம் அல்ல. உப்புக்காற்றில் ஸ்டெயின்லெஸ் ஆணியும் அலுமினியத் தகடும் ஈரத்தோடு சேர்ந்தால் அலுமினியம் வெள்ளை மாவாக அரித்து ஆணியைப் பிடித்துக்கொள்ளும். தேங்காயெண்ணெய், தையல் மெஷின் எண்ணெய் இரண்டும் வேண்டாம்: ஒன்று சிக்குப் பிடிக்கும், மற்றது கோப்பிக்குள் போகும். விரலால் இறுக்கி, அதன்மேல் கால் சுற்று, அவ்வளவுதான். பலம் கொடுத்து முறுக்கினால் ஸ்கிரீன் நடுவில் குழிந்து விளிம்பு தூக்கும், தண்ணீர் விளிம்பால் ஓடும். புதிதாக மாற்றிய பிறகு விளிம்பில் மட்டும் ஒழுகுகிறது என்றால் முதலில் ஆணியைத் தளர்த்திப் பாருங்கள். ஈ61 வொஷரில் சரிவு வெட்டிய பக்கம் மேலே, மெஷினை நோக்கி இருக்க வேண்டும். முதல் கோப்பிக்கு முன் அரை லீற்றர் தண்ணீரை ஓடவிடுங்கள்.

புது ஸ்கிரீன் பழையதைவிடக் கீழே இறங்கி நிற்கக்கூடும். தூளை டாம்ப் பண்ணி, மேலே ஒரு நாணயத்தை வைத்து, போர்ட்டாபில்டரைப் பூட்டிக் கழற்றுங்கள். நாணயம் தூளுக்குள் அழுந்தியிருந்தால் அரைக் கிராம் குறையுங்கள். தூள் ஸ்கிரீனில் முட்டிக்கொண்டிருந்தால் எவ்வளவு நல்ல ஸ்கிரீனும் தண்ணீரைப் பரப்ப இடமிருக்காது. ஒரு பக்க ஒழுக்கு நின்றுவிட்டால் அதே அரைப்பில் ஷொட் கொஞ்சம் மெதுவாக ஓடும். அது பழுது அல்ல, அரைப்பை ஒரு படி பெரிதாக்குங்கள். ஸ்கிரீனையும் பாஸ்கெட்டையும் ஒரே நாளில் மாற்ற வேண்டாம், எது வேலை செய்தது என்று தெரியாமல் போகும்.

காசைப் பார்க்கிறீர்கள் என்றால், தூளின் மேலே வைக்கும் 1.7 மி.மீ. தடிப்புள்ள பக் ஸ்கிரீன் என்ற வட்ட வலை இன்னும் மலிவு. மேற்பரப்பில் குழி விழாமல் அது காக்கும், குரூப்பும் சுத்தமாக இருக்கும். ஆனால் அதன் தடிப்புக்கு இடம் விட ஒரு கிராம் வரை தூள் குறைக்க வேண்டும், ஒவ்வொரு கோப்பிக்குப் பிறகும் சூடான வலையை எடுத்துக் கழுவ வேண்டும். காலைச் சாப்பாட்டு நேரத்தில் வரிசையாகக் கோப்பி கேட்கும் விடுதியில் அது கையைக் கட்டிப்போடும். உங்களுக்கு நான் ஷவர் ஸ்கிரீனையே சொல்வேன்.

பராமரிப்பில், மூவழி வால்வு (ஷொட் முடிந்ததும் அழுத்தத்தை வெளிவிடும் வால்வு) உள்ள மெஷின் என்றால் ஒவ்வொரு நாளும் கடைசியில் துளையில்லாப் பாஸ்கெட் போட்டு, 10 செக்கன் ஓட்டி 10 செக்கன் நிறுத்தி, ஐந்து தடவை வெறுந்தண்ணீரில் கழுவுங்கள். வாரம் ஒருமுறை 3 கிராம் கழுவும் தூளோடு அதையே செய்து, பிறகு தூள் போகும்வரை அலசுங்கள். அந்த வால்வு இல்லாத மெஷினில் இதைச் செய்யக் கூடாது, அழுத்தம் வெளியேற வழியில்லாமல் கைபிடியைக் கழற்றும்போது சுடுதண்ணீர் முகத்தில் அடிக்கும். சீசன் முடிந்து மாரி மாதங்களில் மெஷினை நிறுத்திவைப்பீர்கள் என்றால் ஸ்கிரீனையும் தகட்டையும் கழற்றிக் கழுவி, முற்றாகக் காயவைத்து, காற்றுப் போகாத டப்பாவில் போட்டு வையுங்கள். கைபிடியை இறுக்கிப் பூட்டி வைக்காதீர்கள், வொஷர் அமுங்கியபடியே இறுகிவிடும்.