அல்லியில் இலை மட்டும்தான் வருகிறது, பூவைக் காணோம்

கேள்வி: தொட்டியில் அல்லி வைத்து ஒரு வருடத்துக்கு மேல் ஆகிறது. முதலில் நிறையப் பூத்தது, இப்போது வெறும் இலைதான். அதுவும் தண்ணீரில் படியாமல் மேலே தூக்கிக்கொண்டு நிற்கிறது. உரம் கரைத்து ஊற்றிப் பார்த்தேன், தண்ணீர் பச்சையாகிவிட்டது. என்ன செய்யலாம்?

பதில்: முதல் வேலை, தண்ணீரில் உரம் ஊற்றுவதை நிறுத்துங்கள். அல்லி தன் சாப்பாட்டைப் பெரும்பாலும் சேற்றிலிருந்து வேர் வழியாகத்தான் எடுக்கிறது, நீங்கள் ஊற்றியதெல்லாம் பாசிக்குப் போய்விட்டது. பாதித் தண்ணீரை மாற்றிவிட்டு அதை மறந்துவிடலாம், இலைகள் மறுபடி தண்ணீரை மூடி நிழல் தந்தால் பாசி தானாகக் குறையும்.

இலை மேலே நிற்பதுதான் உங்கள் கேள்விக்கே விடை. தண்ணீர் ஆழம் குறைவாக இருந்தாலும் அப்படி நிற்கும், எனவே மட்டத்தைக் கொஞ்சம் உயர்த்திப் பாருங்கள், காம்பு நீண்டு புது இலைகள் சில நாளில் படிந்தால் சரி. படியவில்லை என்றால் உள்ளே நெருக்கடி: ஒரு கிழங்கு பல குட்டி போட்டு, எல்லாம் ஒரே சட்டியில் இடத்துக்குச் சண்டை போடுகின்றன. முதலில் நன்றாகப் பூத்து அப்புறம் நின்றது என்கிறீர்களே, எனக்கு இதுதான் என்று தோன்றுகிறது.

பூ வரட்டும் என்று இலைகளையெல்லாம் கிள்ளிவிடும் பழக்கம் பலருக்கு உண்டு, தயவுசெய்து வேண்டாம். ஒரு காம்பை வெட்டிப் பாருங்கள், உள்ளே குழாய் குழாயாகத் துளைகள் தெரியும். சேற்றுக்குள் காற்று கிடையாது, இளம் இலைகள் வழியாக இறங்கும் காற்றுதான் கிழங்கை உயிரோடு வைத்திருக்கிறது, அது பழைய இலைகள் வழியாக வெளியேறும். மற்ற செடிகளுக்கு இலைத்துளைகள் பெரும்பாலும் அடிப்பக்கம் என்றால் அல்லிக்கு மேல்பக்கம். அதனால்தான் அசுவினிப் பூச்சிக்கு எண்ணெய்க் கரைசல் அடித்தால் துளை அடைபட்டு வம்பு, தண்ணீரைப் பீய்ச்சி உதிர்த்தாலே போதும். மஞ்சளான இலையை மட்டும் அடியோடு எடுங்கள்.

சரி, பிரித்து நடுவது. சட்டியை வெளியே எடுத்துக் கிழங்கைக் கழுவி, கொழகொழவென்று நாறும் பகுதியை வெட்டி எறிந்துவிட்டு, கெட்டியான, குருத்து நன்றாக இருக்கும் ஒன்றை மட்டும் வையுங்கள். ஆழச் சட்டியைவிட அகலச் சட்டி நல்லது. மண் களிமண்ணாக இருக்கட்டும், தென்னைநார்த் தூளும் மட்கிய உரமும் கலந்த பூந்தொட்டிக் கலவை மிதக்கும், மிச்சம் அழுகும். குருத்து நுனியை மூடிவிடாதீர்கள். முதலில் பத்து செ.மீ. தண்ணீர், இலை வர வர 20, 30 வரை ஏற்றலாம். மெதுவாகக் கரையும் உர மாத்திரையைக் காகிதத்தில் சுற்றி, குருத்திலிருந்து தள்ளி, விரல் ஆழத்துக்கு மண்ணுக்குள் அழுத்துங்கள்.

வெயில் ஐந்தாறு மணி நேரம் நேராக விழ வேண்டும், இதில் மட்டும் சமரசம் கிடையாது. இன்னொன்று, சில வகைகள் இருட்டிய பிறகு விரிந்து காலையில் மூடிவிடும், மதியம் மட்டும் எட்டிப் பார்ப்பவர் மொட்டு விரியவே இல்லை என்று நினைத்துக்கொள்வார். மூன்று நான்கு நாள் பூத்தபின் காம்பு வளைந்து பூ தண்ணீருக்குள் போனால் பதறி வெட்டாதீர்கள், விதை முற்றுவதற்காக அது தானாக இறங்குகிறது. விதை வேண்டாம் என்றால் வெட்டலாம், செடிக்கு நட்டமில்லை.