இரவில் எதுக்களிப்பு: தலையணையை அடுக்கியும் ஏன் குறையவில்லை?

கேள்வி: இரவு 9.30-க்குச் சாப்பிட்டு 10 மணிக்கெல்லாம் படுத்துவிடுகிறேன். நள்ளிரவில் தொண்டைவரை புளிப்பாக எதுக்களிக்கிறது, நெஞ்சு எரிகிறது. இரண்டு தலையணை வைத்தும் குறையவில்லை. படுத்தால் சாப்பாடு செரிக்காதா?

பதில்: செரிக்கும். படுத்தால் இரைப்பை சற்று மெதுவாக வேலை செய்யலாம், அவ்வளவுதான். உங்களுக்குத் தொல்லை தருவது உணவுக்குழாயும் இரைப்பையும் சேரும் இடம். அங்கே 3, 4 செ.மீ. நீளத்துக்கு ஒரு சுருக்குத்தசை இருக்கிறது. விழுங்கும்போது திறந்து, உடனே இறுகிக்கொள்ளும். வயிறு நிறைந்து உப்பியிருந்தால், விழுங்காதபோதும் அவ்வப்போது சில விநாடிகள் தளரும். ஏப்பம் வெளியேறுவது அந்த வழியில்தான். உட்கார்ந்திருக்கும்போது பெரும்பாலும் காற்றுதான் மேலே வரும். படுத்துவிட்டால் அமிலமும் அதே மட்டத்துக்கு வந்து நிற்கும். தசை தளர்ந்ததும் உணவுக்குழாய்க்குள் புகுந்துவிடும். தூங்கும்போது உமிழ்நீர் சுரப்பதும் விழுங்குவதும் வெகுவாகக் குறைந்துவிடுவதால், ஏறிய அமிலம் கழுவப்படாமல் நெடுநேரம் அங்கேயே தங்குகிறது. பகல் எரிச்சலைவிட இரவு எரிச்சல் உணவுக்குழாயை அதிகம் புண்ணாக்குவது இதனால்தான்.

கெட்டியான உணவில் பாதி இரைப்பையை விட்டு இறங்கவே ஏறக்குறைய 2 மணி நேரம் ஆகும். எண்ணெய், கொழுப்பு கூடினால் இன்னும் தாமதமாகும். ஆகவே சாப்பாட்டுக்கும் படுக்கைக்கும் 3 மணி நேர இடைவெளி வேண்டும். வேலை நேரம் இடம் கொடுக்காவிட்டால், வயிறு நிறையச் சாப்பிடுவதை மாலை 6, 7 மணிக்கே முடித்துக்கொண்டு, இரவில் கொழுப்பில்லாமல் கொஞ்சமாகச் சாப்பிடுங்கள். சாப்பிட்டபின் 10, 15 நிமிடம் மெதுவாக நடக்கலாம். குனிந்து செய்யும் வேலையும் இறுக்கமான இடுப்புப்பட்டையும் வேண்டாம்.

இனி தலையணைக்கு வருவோம். அடுக்கிய தலையணைகள் தலையையும் கழுத்தையும் மட்டும்தான் தூக்கும். உடல் இடுப்பில் மடிந்து வயிறு அழுந்தும். அழுந்தினால் அமிலம் இன்னும் மேலே தள்ளப்படும். மார்பு முழுவதும் சரிவாக உயர வேண்டும். கட்டிலின் தலைமாட்டுக் கால்கள் இரண்டின் அடியிலும் 15 முதல் 20 செ.மீ. உயரமுள்ள அகலமான கட்டைகளை வையுங்கள். கட்டையின் மேல் கட்டில்கால் உட்காரும் அளவுக்குச் சிறு குழி இருந்தால் வழுக்காது. உடல் கால்மாட்டுப் பக்கம் சறுக்கினால் 10 செ.மீ.-இல் தொடங்கிக் கொஞ்சம் கொஞ்சமாக ஏற்றுங்கள். கட்டிலை உயர்த்த முடியாதவர்களுக்கு, முதுகிலிருந்தே தாங்கும் சரிவான ஃபோம் தலையணை கிடைக்கிறது.

இடப்பக்கம் ஒருக்களித்துப் படுங்கள். இரைப்பை இடப்பக்கம் புடைத்திருப்பதால், அப்படிப் படுக்கும்போது அமிலம் அந்தப் பள்ளத்தில் தேங்கும், உணவுக்குழாயின் வாய் அதற்கு மேலே இருக்கும். வலப்பக்கம் படுத்தால் நிலைமை தலைகீழ். தூக்கத்தில் புரள்பவர்கள் முதுகுக்குப் பின்னால் ஒரு தலையணையை அண்டக் கொடுக்கலாம்.

மருத்துவர் ஒமெப்ரசோல் போன்ற மாத்திரை எழுதிக்கொடுத்திருந்தால், சாப்பாட்டுக்கு 30 முதல் 60 நிமிடம் முன்பு போடுங்கள். சாப்பிடும்போது முடுக்கிவிடப்படும் அமிலச் சுரப்பையே அது தடுக்கிறது. படுக்கப்போகும்போது போட்டால் பலன் குறைவு.

வாரத்தில் இரண்டு நாளுக்கு மேல் எரிச்சல் வந்தால் மருத்துவரைப் பாருங்கள். விழுங்கும்போது உணவு சிக்குவது, காரணமின்றி எடை குறைவது இருந்தால் தள்ளிப்போடவே கூடாது. ரத்த வாந்தியோ தார்போல் கறுத்த மலமோ கண்டால் உடனே அவசரப் பிரிவுக்குச் செல்லுங்கள். நெஞ்சு அழுத்தமாக வலித்து, வலி தாடைக்கோ கைக்கோ பரவி வியர்த்துக் கொட்டினால், அமில மருந்தைத் தேடி நேரத்தை வீணாக்காமல் ஆம்புலன்ஸை அழையுங்கள்.