வாய்தாவுக்குப் போகாததால் அப்பீல் தள்ளுபடி: வீடு கை நழுவிவிட்டதா?

கேள்வி: பூர்வீக வீட்டு வழக்கில் முன்சீப் கோர்ட்டில் தோற்றோம். சப் கோர்ட்டில் அப்பீல் போட்டுத் தடையும் வாங்கினோம். கணவருக்கு மதுரையில் இதய அறுவை சிகிச்சை நடந்ததால் ஒரு வாய்தாவுக்கு நான் போகவில்லை, வக்கீலும் ஆஜராகவில்லை. அன்றே அப்பீல் தள்ளுபடியாகி, இப்போது 70 நாளாகிறது. போன வாரம்தான் எனக்குத் தெரிந்தது. வீடு போய்விட்டதா?
– ஒரு வாசகி, தென்காசி மாவட்டம்

பதில்: இல்லை, சகோதரி. ஆனால் இந்த வாரமே நீங்கள் கோர்ட்டுக்குக் கிளம்ப வேண்டும்.

முதலில் தள்ளுபடி உத்தரவின் நகலை வாங்கிப் படியுங்கள். மேல்முறையீடு செய்தவர் வராவிட்டால், உரிமையியல் நடைமுறைச் சட்டம் கட்டளை 41, விதி 17-இன்படி கோர்ட் அப்பீலைத் தள்ளுபடி செய்யலாம். ஆனால் வீடு யாருக்குச் சொந்தம் என்று ஆராய்ந்து, அதன் பேரில் தள்ளுபடி செய்ய அதற்கு அதிகாரமில்லை. 1976 திருத்தம் இதைத் தெளிவாகவே சொல்கிறது. ஆகவே உங்கள் தரப்பு நியாயத்தை அந்தக் கோர்ட் இன்னும் கேட்கவே இல்லை.

அதே சப் கோர்ட்டில், விதி 19-இன் கீழ் அப்பீலை மறுபடி கோப்பில் எடுக்க மனுப் போடுங்கள். அதற்குக் கெடு, தள்ளுபடியான நாளிலிருந்து 30 நாள். உங்களுக்கு அதற்கு மேல் 40 நாள் கடந்துவிட்டதால், காலவரையறைச் சட்டம் பிரிவு 5-இன் கீழ் தாமதத்தை மன்னிக்கவும் தனி மனு வேண்டும். மனுத் தாக்கலாகும் நாள் வரை தாமதம் கூடிக்கொண்டே போகும். அஃபிடவிட்டில் ‘குடும்பச் சூழ்நிலை’ என்று பொத்தாம்பொதுவாக எழுத விடாதீர்கள். அட்மிஷன் தேதி, அறுவை சிகிச்சை நடந்த நாள், டிஸ்சார்ஜ் சம்மரி, விஷயம் உங்களுக்குத் தெரிந்த தேதி எல்லாம் வரட்டும். வக்கீல் வராததையும் மறைக்க வேண்டாம். வக்கீலை நம்பி வழக்கை ஒப்படைத்தவர், அவர் வராத தவறுக்காகத் தண்டிக்கப்படக் கூடாது என்று உச்ச நீதிமன்றம் 1981-இல் ரஃபீக் வழக்கில் சொல்லியிருக்கிறது. எல்லா வழக்கிலும் இந்த ஒரு வாதம் மட்டும் போதாது. உங்களிடம் மருத்துவச் சான்றுகளும் இருக்கின்றன.

எனக்குக் கவலையெல்லாம் தடையைப் பற்றித்தான். அப்பீல் போனதோடு தடையும் போய்விட்டது. எதிர்த்தரப்பு நாளைக்கே நிறைவேற்று மனுப் போட்டு வீட்டைக் காலி செய்யக் கேட்கலாம். இந்த இரண்டு மனுக்களோடு தடை மனுவையும் கட்டாயம் சேர்த்துப் போடச் சொல்லுங்கள்.

வக்கீலை மாற்றுவது உங்கள் உரிமை. பழையவரிடம் ஆட்சேபணையில்லை என்று எழுதி வாங்கி, கேஸ் கட்டையும் கேட்டு வாங்குங்கள். அப்பீலைக் கோப்பில் எடுக்க மறுத்தால், கட்டளை 43-இன்படி அந்த உத்தரவை எதிர்த்தும் மேலே போகலாம். அனுமதித்தால், எதிர்த்தரப்புக்குச் செலவுத் தொகை கட்டும்படி நிபந்தனை வைப்பதுண்டு. கொடுத்த தேதிக்குள் கட்டி, ரசீதை வாங்கி வைத்துக்கொள்ளுங்கள்; தேதி தவறினால் கிடைத்த அனுமதியும் ரத்தாகிவிடலாம்.