மலையாளப் படங்களில் ஊரும் வீடும்: உங்கள் கேள்விகளுக்குப் பதில்கள்

கேள்வி: மலையாளப் படங்களில் ஊர் இவ்வளவு உயிரோடு தெரிவது, கேரளம் பச்சைப்பசேல் என்று இருப்பதாலா?

பதில்: இல்லை. ‘மகேஷின்டே பிரதிகாரம்’ (2016) இடுக்கியில் நடக்கிறது, மலையெல்லாம் வருகிறது, ஆனால் கதையை நகர்த்துவது கடைத்தெருதான். போட்டோ ஸ்டுடியோ வைத்திருக்கும் மகேஷ் ஊரார் முன்னால் அடி வாங்குகிறான், திருப்பி அடிக்கும்வரை செருப்பு போடமாட்டேன் என்று இருக்கிறான். பெருநகரத்தில் இதை மறுநாளே மறந்துவிடுவார்கள். தினமும் அதே முகங்களைப் பார்த்தாக வேண்டிய சின்ன ஊரில்தான் அது அவமானமாகத் தங்கும்.

கேள்வி: தமிழ் டப்பிங்கில் பார்த்தால் போதாதா?

பதில்: வேண்டாம், சப்டைட்டிலோடு பாருங்கள். ‘தொண்டிமுதலும் த்ருக்சாக்ஷியும்’ (2017) படத்தில் சாதி மாறிக் கல்யாணம் செய்துகொண்ட ஜோடி கேரளத்தின் தெற்கேயிருந்து வடகோடியிலுள்ள காசர்கோட்டுக்குப் போகிறது. அவர்கள் அங்கே வெளியூர்க்காரர்கள் என்பது பேச்சிலேயே தெரியும். எல்லாரும் ஒரே தமிழ் பேசினால் அது போச்சு. அப்புறம், அதில் போலீஸாக வருபவர்களில் பலர் நிஜப் போலீஸ்காரர்கள்.

கேள்வி: ‘தி கிரேட் இந்தியன் கிச்சன்’ ஒரே சமையலைத் திரும்பத் திரும்பக் காட்டுகிறதே, அலுப்பாக இல்லையா?

பதில்: அலுக்கத்தான் வேண்டும், கல்யாணமாகி அந்த வீட்டுக்கு வந்த பெண்ணுக்கு அலுக்கிறதே. 2021இல் வந்த இந்தப் படத்தில் பெரிய வில்லத்தனம் எதுவும் கிடையாது. மாமனார் சத்தம்கூடப் போடமாட்டார், சோறு விறகடுப்பில் வெந்தால் நல்லது, சட்னி அம்மியில் அரைத்தால் நல்லது, துணியை மெஷினில் போடாதே என்று தன்மையாகவே சொல்வார், ஒழுகும் சிங்க் குழாயைச் சரிசெய்ய ஆள் கூப்பிடச் சொன்னால் கணவன் மறந்துகொண்டே இருப்பான், அழுக்குத் தண்ணீரைத் தினமும் அவள்தான் அள்ளிக் கொட்டுவாள். நம் வீடுகளிலும் இதே கதைதான். 2023இல் தமிழிலும் எடுத்தார்கள், ஆனால் முதலில் மூலத்தைப் பாருங்கள்.

கேள்வி: நல்ல வீடு, நல்ல குடும்பம் என்றே வருகிறதே, ஏழைகள் இல்லையா?

பதில்: நியாயமான குறை. தலித் வாழ்க்கை அங்கே திரையில் குறைவுதான். ‘கம்மட்டிப்பாடம்’ (2016) பாருங்கள், எர்ணாகுளம் நகரமாக வளர வளர யாருடைய நிலம் பறிபோனது என்று நேராகவே சொல்லும்.

கேள்வி: எனக்கு மலையாளம் சுத்தமாகத் தெரியாது, எதில் தொடங்கலாம்?

பதில்: ‘நண்பகல் நேரத்து மயக்கம்’. வேளாங்கண்ணி போய்த் திரும்பும் மலையாளிக் கூட்டத்தில் ஒருவர் (மம்மூட்டி) வழியில் பஸ்ஸை நிறுத்தி இறங்கி, ஒரு தமிழ்க் கிராமத்துக்குள் தன் சொந்த வீட்டுக்குப் போவதுபோல நடந்து போகிறார். படத்தில் பாதிக்குமேல் நம் பேச்சு, பழைய தமிழ்ப் பாட்டு. சப்டைட்டில் கொஞ்சம் இருந்தாலே சமாளித்துவிடுவீர்கள்.