பன்றி வால்வும் 98 சதவீதமும்

அன்புள்ள அண்ணனுக்கு,

வாப்பாவுக்கு வயது 66. சங்கு குளித்தவர், இப்போதும் வள்ளத்தில் கடலுக்குப் போகிறார். படியேறினாலே மூச்சு வாங்குகிறது என்று மதுரைக்குக் கூட்டிப்போனோம். இதயத்தில் அயோர்ட்டா வால்வு ரொம்பவும் சுருங்கிவிட்டது, ஆபரேஷன் செய்து டிஷ்யூ வால்வு வைத்துவிடலாம் என்றார் டாக்டர். அது பன்றியிலிருந்து எடுப்பது என்று யாரோ சொன்னதிலிருந்து உம்மா அழுதுகொண்டே இருக்கிறார். மனிதனுக்கும் பன்றிக்கும் 98 சதவீத ஜீன் ஒன்று, அதனால்தான் பொருந்துகிறது என்று மாமா வாட்ஸ்அப்பில் அனுப்பியிருக்கிறார். இது உண்மையா? நாங்கள் என்ன செய்வது?

எஸ்., கீழக்கரை

அன்புள்ள தங்கைக்கு,

முதலில் அந்த 98. அது சிம்பன்சிக்குச் சொல்லப்படும் எண், பன்றிக்குப் பொருந்தாது. பன்றியின் மரபணுத் தொகுதியை வாசித்து 2012இல் வெளியிட்டார்கள். நம் வம்சமும் பன்றியின் வம்சமும் பிரிந்து சுமார் எட்டுக் கோடி ஆண்டுகளாகின்றன. வம்சாவளிப்படி பார்த்தால் பன்றியைவிட எலிதான் நமக்கு நெருங்கிய உறவு. பன்றியைத் தேர்ந்தெடுத்ததற்குக் காரணம், அதன் இதயம் அளவிலும் அமைப்பிலும் நம்முடையதை ஒத்திருக்கிறது, கறிக்காக வளர்ப்பதால் தாராளமாகக் கிடைக்கிறது என்பதுதான்.

அந்த வால்வை அப்படியே வைப்பதில்லை. தோல் பதனிடுவதுபோல குளுட்டரால்டிஹைடு என்ற ரசாயனத்தில் பதப்படுத்துகிறார்கள். பாரிஸில் இதய அறுவை மருத்துவர் அலென் கார்ப்பாந்தியே 1960களின் பிற்பகுதியில் கொண்டுவந்த முறை இது. செல்கள் செத்துவிடும். மூன்று மெல்லிய இதழ்களாக நார்ப்பின்னல் மட்டும் மிஞ்சும். ரத்தம் தள்ளும்போது திறக்கும், நின்றதும் மூடும். வாப்பாவின் உடம்பில் பன்றியின் ஜீன் எதுவும் வேலை செய்யப்போவதில்லை.

உயிருள்ள உறுப்பை வைப்பதுதான் வேறு விஷயம். பன்றி செல்களின் மேல் ஆல்ஃபா-கால் என்றொரு சர்க்கரை இருக்கிறது. நம்மிடம் அது கிடையாது. அதைத் தாக்கும் எதிர்ப்பொருள் நம் ரத்தத்தில் எப்போதும் இருக்கிறது. மற்ற ஒற்றுமை எவ்வளவு இருந்தாலும், இந்த ஒரு சர்க்கரையால் உறுப்பு சில நிமிடங்களிலேயே கெட ஆரம்பித்துவிடும். 1997இல் அசாமில் டாக்டர் தனிராம் பரூவா ஒருவருக்குப் பன்றி இதயம் வைத்தார். ஒரு வாரத்தில் நோயாளி இறந்தார், டாக்டர் கைதானார். 2022இல் அமெரிக்காவின் மேரிலாந்தில் பத்து ஜீன்களைத் திருத்திய பன்றியின் இதயம் வைக்கப்பட்டவர் இரண்டு மாதம் வாழ்ந்தார். சிறுநீரகத்திலும் முயற்சிகள் நடக்கின்றன. உங்கள் மாமாவின் செய்தி இதையும் வால்வையும் ஒன்றாக்கிக் குழப்புகிறது.

இனி உங்கள் வீட்டு விஷயம். டிஷ்யூ வால்வு என்றாலே பன்றி என்று முடிவுகட்ட வேண்டாம். மாட்டின் இதயத்தைச் சுற்றியிருக்கும் உறையில் செய்யும் வால்வுகள் இன்று பரவலாகப் பயன்பாட்டில் உள்ளன. டாக்டரிடம் வாய்திறந்து கேளுங்கள். எந்த விலங்கு என்று அறிந்துகொள்வது உங்கள் உரிமை.

விலங்கே வேண்டாம் என்றால் செயற்கை வால்வு இருக்கிறது. திருவனந்தபுரத்தில் ஸ்ரீ சித்திரைத் திருநாள் நிறுவனம் உருவாக்கிய சித்ரா வால்வை 1990இலிருந்து வைத்துவருகிறார்கள். நீண்டகாலம் உழைக்கும். ஆனால் ரத்தம் உறையாமலிருக்க ஆயுள் முழுக்க வார்ஃபரின் மாத்திரை சாப்பிட வேண்டும், ரத்தம் உறைய எவ்வளவு நேரமாகிறது என்று காட்டும் ஐ.என்.ஆர். சோதனையை அடிக்கடி பார்க்க வேண்டும். ஒரு வாரம் தினமும் முருங்கைக்கீரை, அடுத்த வாரம் அறவே இல்லை என்றால்கூட அளவு ஏறி இறங்கும். பாறையில் கால் கிழிவதும் மீன்முள் கையில் ஏறுவதும் வாப்பாவுக்கு அன்றாடம் நடப்பவை. வார்ஃபரின் சாப்பிடும்போது அந்த ரத்தம் லேசில் நிற்காது, கரையும் தூரத்தில் இருக்கும். டிஷ்யூ வால்வு பத்துப் பதினைந்து வருஷத்தில் தேய்ந்துபோகலாம் என்றாலும், இந்த வயதுக்கு டாக்டர்கள் அதைச் சொல்வது இதனால்தான். எனக்கும் அதுவே சரியென்று படுகிறது.

இன்னொன்றையும் மறைக்கக் கூடாது. ஆபரேஷனில் ரத்தம் இயந்திரம் வழியாக ஓடும்போது உறையாமலிருக்க ஹெப்பாரின் கொடுப்பார்கள். உலகில் பயன்படும் ஹெப்பாரினில் பெரும்பகுதி பன்றிக் குடலின் உட்சவ்விலிருந்து வருவது. எந்த வால்வு வைத்தாலும் இந்தக் கேள்வி இருக்கும்.

மார்க்கத் தீர்ப்பு சொல்வது என் இடமில்லை. நிர்ப்பந்தத்துக்கு ஆளானவர் மேல் குற்றமில்லை என்னும் குர்ஆனின் அல்பகரா அத்தியாயம் 173ஆம் வசனத்தை உங்கள் ஊர் ஆலிம்கள் நன்கறிவார்கள். வால்வு, ஹெப்பாரின் இரண்டையும் விவரமாகச் சொல்லி இந்த வாரமே கேளுங்கள். சுருங்கிய வால்வால் மூச்சு வாங்கத் தொடங்கியபின், ஆபரேஷன் செய்யாவிட்டால் பலர் இரண்டு மூன்று வருஷம்கூடத் தாங்குவதில்லை.

உம்மா அழுததை எழுதியிருக்கிறீர்கள், மாமா அனுப்பியதை எழுதியிருக்கிறீர்கள். வாப்பா என்ன சொன்னார் என்று கடிதத்தில் ஒரு வரிகூட இல்லை. இதையெல்லாம் முதலில் அவரிடம் சொல்லி, அவருக்கு எது வேண்டும் என்று கேளுங்கள்.