பப்பாசி ஸ்மூதி கொஞ்ச நேரத்தில் கசப்பது ஏன்?

ஸ்மூதி என்றால் பழத்தை வடிகட்டாமல் பாலோ தயிரோ சேர்த்து பிளெண்டரில் அப்படியே அடித்த கெட்டியான பானம். நுவரெலியா, ஹட்டன் குளிருக்கு ஐஸ் வேண்டவே வேண்டாம். ஆனால் பப்பாசியைப் பாலோடு அடித்து, போத்தலில் ஊற்றி வேலைக்குக் கொண்டுபோனால் பத்து மணித் தேத்தண்ணி நேரத்துக்குள் கசந்துவிடும், பாதி பழுத்ததாக இருந்தால் இன்னும் மோசம். காரணம் பப்பாசியில் உள்ள பப்பெய்ன் என்ற நொதி. அது பாலின் புரதத்தைச் சின்னத் துண்டுகளாக உடைக்கிறது, அந்தத் துண்டுகள்தான் கசக்கின்றன. முற்றிய இறைச்சி மெதுவாகட்டும் என்று பப்பாசிக்காய்த் துண்டு போடுகிறோமே, அங்கேயும் இதே வேலைதான். அன்னாசியிலும் இப்படி ஒரு நொதி உண்டு. அதனால் அடித்த உடனே குடித்துவிடுங்கள், கொண்டுபோகத்தான் வேண்டுமென்றால் வாழைப்பழம் போடுங்கள், நிறம் கறுத்தாலும் கசக்காது. அப்புறம், பால் கெட்டுவிட்டதென்று நினைத்துப் பலர் கொட்டிவிடுகிறார்கள்; கெட்ட பால் பெரும்பாலும் புளிக்கும், இந்தக் கசப்பு பப்பாசியால் வருவது.